கையாலாகாதவன் எழுதியது

எனக்கு இந்த வேலை கிடைத்ததே
என் எழுத்தில் எதுவும் நடக்காது என்பதால்தான்.
மூன்று முறை சோதித்தார்கள்.
மழை என்று எழுதச் சொன்னார்கள். எழுதினேன்.
எதிர் புளோக்கின் மூங்கில் கழிகளில்
துணிகள் மொடமொடவென்று காய்ந்தன.
நெருப்பு என்று எழுதினேன். கோப்பி ஆறிப்போனது.
என் பெயரையே எழுதச் சொன்னார்கள்.
அப்போதுதான் உள்ளே வந்த டெஸ்மண்ட் பெரைரா
"யார் இது?" என்றார்.
போதும், இவரே எழுதட்டும் என்றார்கள்.

மேக்பர்சன், புளோக் எழுபத்தொன்பது, கீழ்த்தளம்.
விடிகாலை மூன்று மணி.
சதுரங்கக் கட்டம் பதித்த கல்மேசை.
தூரிகைச் சபைக்குக் குவெக் சியூ லான்,
நாணல் சபைக்கு ஜாவி எழுதும் சுரையா பிந்தி மஹ்மூத்,
தட்டச்சுச் சபைக்குப் பெரைரா, மடியில் இயந்திரத்தோடு.
எழுத்தாணிக்கு அஞ்சுகம் ராயப்பன்.
டாக்சி ஓட்டுபவர்; இரவுச் சவாரியை விட்டுவிட்டு வந்திருந்தார்.

முதலில் சேதக் கணக்கை வாசித்தேன்.
தூரிகையில் ஒரு கோடு வழுக்கியதில்
புக்கிட் தீமா நாற்பத்தொரு நாள் நனைந்தது.
நாணல் எழுதிய கடல்
ஈஸ்ட் கோஸ்ட்டில் தன் பழைய கரையைத் தேடி ஏறிவந்து
வீடு வீடாகத் தட்டியது.
பெரைரா ஒரு விசையை இருமுறை அழுத்திவிட
காலாங்கில் ஒரே பாலம் இரண்டாக நின்றது;
எதில் ஏறுவதென்று பேருந்துகள் தயங்கின.
நம்மவர்கள் மட்டும் என்ன?
ஒற்று ஒன்று விட்டுப்போய்ச் சந்திப்பிழையாகி
தேக்காவில் ஒரு சந்தையே காணோம்.
அதில் இருந்த தையல்காரர்
நூல் கோத்த ஊசியோடு
இன்னும் எங்கோ உட்கார்ந்திருக்கிறார்.

பிறகு விட்டுக்கொடுத்தல்.
தூரிகை தண்ணீர்ச் சொற்களைக் கைவிட்டது.
நாணல் நெடுநேரம் பேரம் பேசிப்
புள்ளிகளை ஒப்படைத்தது.
பெரைரா ஷிப்ட் விசையைக் கழற்றி மேசையில் வைத்தார்:
இனிப் பெரிய எழுத்து இல்லை,
பெரிய ஆசையும் இல்லை.
எங்களிடம் கேட்டது உயிரை.
பன்னிரண்டையும்.
மெய் எழுதிக்கொள்ளலாம், உயிர் ஏற்றக் கூடாது.
இறந்தவர் பெயர் அறவே கூடாது.

அஞ்சுகம் வாய் திறக்கவில்லை.
பதினொரு நிமிடம்.
ஒரு பூனை மேசைக்கடியில் வந்து படுத்து, எழுந்தும் போய்விட்டது.
பத்தொன்பது வயதில் போன எழிலனைப் பற்றி
அங்கே தெரியாதவர் யாருமில்லை.
நான் எழுதினேன்: அனைவரும் ஒப்புக்கொண்டனர்.

அவர் ஒப்புக்கொள்ளவில்லை.
நான் எழுதியதால் அது உண்மை ஆகிவிடாது.
ஒப்பந்தத்தின் ஒரே ஓட்டை அது.
நால்வரும் படித்தார்கள், பார்த்தார்கள்,
பெரைரா தொண்டையைச் செருமிக்கொண்டார்.
கையெழுத்தும் எழுத்துதான் என்பதால்
அதற்கும் அனுமதியில்லை.
சுரையா தன் பையிலிருந்து ஒரு டிஷ்யூ பொட்டலத்தை எடுத்துத்
தாளின் மேல் வைத்தார்.
இந்த ஊரில்
அதைத் தள்ளிவிட்டு எவரும் உட்கார்ந்ததில்லை.

ஆறு வருஷமாகிறது.
காலாங்கில் பாலம் ஒன்றுதான். மழை தன் இஷ்டத்துக்குப் பெய்கிறது.
அஞ்சுகத்தின் காய்கறிச் சீட்டு இப்படி இருக்கும்:
க் த் த் ர் க் க் ய்.
கடைக்காரர் உதட்டைக் குவித்துப் பார்த்துவிட்டுக்
கத்தரிக்காயை நிறுத்துப் போடுகிறார்.
மகன் பெயர் என்றால்
ழ் ல் ன்.
முதல் எழுத்துக்கு வழியே இல்லை.

நேற்றிரவு என் புளோக்கடியில் டாக்சியை நிறுத்தினார்.
ரசீது ஒன்றின் பின்பக்கத்தை நீட்டினார்.
"நீ எழுது.
உன் கையால்தான் ஒன்றும் ஆகாதே."
எழுதினேன்.
எ. ழி. ல. ன்.
கடைசிப் புள்ளியை அழுத்தி வைத்தேன்.

லிப்ட் கீழே வந்தது. திறந்தது.
இருவரும் திரும்பினோம்.
உள்ளே விளக்கு மட்டும்.
வழக்கத்தைவிடக் கொஞ்சம் அதிக நேரம் திறந்திருந்து
மூடிக்கொண்டது.

அவர் ரசீதை நாலாக மடித்து
மீட்டருக்குப் பின்னால் செருகினார்.
வண்டியைக் கிளப்பினார்.
வளைவில் திரும்பும்போது
கூரையில் பச்சை விளக்கு எரிந்தது:
ஆள் ஏறலாம்.