நாற்பது நிமிடம்

இந்த வாரம் பூபாலனுக்கு நைட் ஷிப்ட்.
ஆறே முக்காலுக்கு ஐந்து ரோட்டில்
இரும்பாலை பஸ்ஸை விட்டு இறங்குவான்.
கொலுசுப் பட்டறைக்கு எனக்கு ஆறு ஐம்பது வண்டி.
நடுவில், ஆற்ற நேரமில்லாத ஒரு டீ.

போண்டா மடித்த தாளில் படித்தானாம்:
வெள்ளியில் ஒரே ராத்திரி
நம் கணக்குக்கு ஐம்பத்தெட்டு நாள்.
"நைட் படியே ரெண்டு மாசத்துக்கு வரும்" என்கிறான்,
கண்ணெல்லாம் சிவந்து.
எனக்கு வெள்ளி என்றால்
நகக்கண்ணில் ஏறி
சிகைக்காய்க்கும் போகாத கறுப்பு.

வியாழனில் ஐந்து மணி நேரம்தான்.
உலை கொதித்துச் சோறு பதமாகி
நாங்கள் ஒரு சண்டையை ஆரம்பிப்பதற்குள்
விடிந்துவிடும்.

"செவ்வாய்?"

"கிட்டத்தட்ட இங்கே மாதிரிதான்.
நாளுக்கு நாற்பது நிமிடம் கூடுதல்."

நாற்பது நிமிடம்!
டம்ளரை வைத்துவிட்டு யோசித்தேன்.
ராத்திரிப் பாதியை அவன் போர்மேன் எடுத்துக்கொள்வான்,
பகல் பாதி என் முதலாளிக்கு.

ஏற்காட்டு மலை இன்னும் பனியில் விடியாமல் கிடக்க
"செவ்வாய்ப்பேட்டை, செவ்வாய்ப்பேட்டை" என்று
கண்டக்டர் கதவைத் தட்டுகிறார்.

படியில் நின்று கத்தினேன்:
ஞாயிறில் ராத்திரியே கிடையாது, தெரியுமா?

தலையாட்டினான்.
அன்றைக்கும் ஓவர்டைம் வாங்கியிருக்கிறான்.