இரண்டிலிருந்து மூன்றுக்கு

ரிகோத்தி ஏற்றத்தில்
இரண்டாம் கியரிலிருந்து மூன்றுக்குப் போகையில்
வண்டி ஒரு தடவை விக்கும்.
பின்னிருக்கையில் வாகோ எண்ணிக்கொண்டே வருவான்.
பதினான்கு, அம்மா.
இதோ, பதினைந்து.

அமெரிக்காவில் எங்கேயோ அடிபட்டு
ஏலத்தில் போய்க் கப்பலேறி
ருஸ்தாவிச் சந்தையில்
எங்களுக்காகக் கழுவி நிறுத்திய வண்டி.
முன்கதை கேட்டதற்கு
விற்றவன் மார்பில் கை வைத்தான், வாய் திறக்கவில்லை.
இருக்கைக்கு அடியில் ஒற்றைக் காலுறை இருந்தது,
மஞ்சள், மூன்று வயதுக்கானது.
வெள்ளத்தில் மூழ்கிய வண்டியா என்று
அதைத்தான் முகர்ந்து பார்த்தேன்.

ஆயுள் முழுக்க மாற்றத் தேவையில்லை
என்கிறது கையேடு.
யாருடைய ஆயுள்
என்று போடவில்லை.

மாற்றாதே, என்றான் கொழுந்தன் ஜும்பெர்.
பழைய எண்ணெயின் அழுக்குதான்
உள்ளே தகடுகளைப் பிடித்து வைத்திருக்கிறது,
சுத்தம் செய்தால் எல்லாம் வழுக்கிவிடும்.
போலந்துக் கிடங்கிலிருந்து தாரியேல்:
நான் வரும்வரை பொறு.
வருவது எப்போது என்றேன்.
சிக்னல் சரியில்லை என்றான்.

இரவில் செல்போன் வெளிச்சத்தோடு
வண்டிக்கடியில் மல்லாந்து கிடந்து
மூடியின் தலையில் பொறித்த இரண்டெழுத்தைப்
படித்துக்கொண்டு போனேன் கோச்சாவின் கடைக்கு.
பீப்பாயில் அளந்து தருவது ஒன்று.
எல்லா வண்டிக்கும் ஆகும் என்ற சிவப்பு டப்பா ஒன்று.
எல்லாருக்கும் ஆகும் செருப்பு
யார் காலுக்குச் சரியாக இருந்திருக்கிறது?
இரண்டெழுத்துப் போட்டது மேல்தட்டில் இருந்தது.
நான்கு லிட்டர்.
விலை, வாகோவின் குளிர்காலப் பூட்ஸ்.
இந்த வருஷமும் பழைய பூட்ஸில்
இரண்டு காலுறை போட்டுக்கொள்வான்.

ஜும்பெரின் குழியில் வண்டியை ஏற்றினோம்.
வேண்டாம் என்றவன்தான் ஸ்பேனரும் எடுத்து வந்தான்.
வடிக்கும் மூடியில் நான் கைவைத்ததும் கத்தினான்:
முதலில் ஊற்றுகிற மூடி!
அது கழலுமா என்று பார்க்காமல்
இதைத் திறக்கக் கூடாது.
உள்ளதைக் கொட்டிவிட்டு
ஊற்ற வழியில்லாமல்
மூன்று நாள் நடுத்தெருவில் நின்றான் ஒருவன், தெரியுமா?
யார் என்று சொல்லவில்லை.
காது சிவந்திருந்தது.

அந்த மூடி ஒரு மணி நேரம் அசையவில்லை.
ஸ்பேனரில் இரும்புக் குழாயைச் செருகி
இருவரும் தொங்கினோம்.
க்ரீச் என்றது. குலைந்தது எதுவும் இல்லை.

இனி கீழே.
தண்ணீர் புகுந்த பெட்டியென்றால்
ஸ்ட்ராபெரிப் பால் போல வருமாம்.
மூச்சைப் பிடித்துக்கொண்டு
கடைசிச் சுற்றைக் கையால் திருகினேன்.

கறுப்பு.
காய்ச்சி வற்றவிட்ட மாதுளைச் சாற்றின் கறுப்பு,
கருகின வாடை.
இவ்வளவு மோசமான எண்ணெயைப் பார்த்து
இவ்வளவு சந்தோஷப்பட்டவள்
ருஸ்தாவியில் வேறு யாரும் இருக்க முடியாது.

அடித்தட்டுக் காந்தங்களில் சாம்பல் மை,
விரலில் தேய்த்தால் கண்மை போல இழைந்தது.
சில்லுகள் இல்லை, என்றான் ஜும்பெர்,
தோற்றவன் குரலில்.

வடிந்ததைப் பால் டப்பாவில் அளந்தோம்,
அளந்ததற்குக் கொஞ்சம் மேலே ஊற்றினோம்.
வண்டியை ஓடவிட்டு
ஒவ்வொரு கியராகத் தொட்டு மீண்டு
நாற்பது டிகிரி வந்ததும்
கீழே மறுபடி திறந்தோம்.
பாம்பாக வந்தது
நூலாகிச் சொட்டாகும்போது மூட வேண்டும்.
சொட்டு. மூடு, என்றான். மூடினேன்.

பழையதில் மூன்றில் ஒரு பங்குதான் வெளியே வந்திருக்கிறது.
மிச்சம் பெட்டியின் குடலுக்குள்.
ஆயிரம் கிலோமீட்டர் கழித்து இன்னொரு தடவை,
பிறகு இன்னொன்று.
இதைக் கோச்சா காசு வாங்கிய பிறகு சொன்னான்.

ஞாயிறு, ரிகோத்தி.
தாரியேல் அழைப்பில் இருந்தான்.
இரண்டிலிருந்து மூன்றுக்குப் போகும்போது
போனை கியர் பக்கம் நீட்டினேன்.
ஒன்றும் கேட்கவில்லையே, என்றான்.
கேட்காது, என்றேன்.
ஒன்று, என்றான் பின்னாலிருந்து வாகோ.
மெதுவா ஒன்று வந்தது, அம்மா.
நீங்க கவனிக்கலை.

மிஞ்சிய அரை லிட்டர்
சமையலறை அலமாரியில்
சூரியகாந்தி எண்ணெய்க்குப் பக்கத்தில் நிற்கிறது.
மேலே வாகோவின் கோணல் கையெழுத்து:
இது காருடையது.
பொரிக்காதே.