கழித்தல் இரண்டு

பொகோட்டா. சூபா வட்டாரம். பதினாறு மாடி.
லிஃப்டில் கடைசிப் பொத்தான் கழித்தல் இரண்டு.
அதற்கும் கீழே போகப் பொத்தான் கிடையாது,
தண்ணீர் இருக்கிறது.

இரவுப் பணி எனக்கு. இரண்டு மோட்டார்,
முழங்கால் வரை ரப்பர் பூட்ஸ், ஒரு நோட்டு.
சம்பளச் சீட்டில் என் பெயரை
மாதம் ஒரு விதமாய்க் கொல்கிறார்கள்.
நிவியாயோ, என்கிறேன். எழுத்துக் கூட்டிச் சொல்கிறேன்.
வெளிநாட்டுப் பெயரா, என்றார் கணக்கர்.
இந்தக் கட்டடம்தான் ஐயா வெளிநாடு
என்று வாயெடுத்தேன்.
மோட்டார் கருகும் வாசனை. ஓடினேன்.

நாற்பத்தொன்று முதல் அறுபது வரை
கார் நிறுத்தமெல்லாம் ஊறுகிறது.
குழாய் உடைப்பு, என்றார் முதல் பிளம்பர்.
மழை, என்றார் அடுத்தவர்; அது சொட்டு மழையில்லாத சனவரி.
மூன்றாமவர் தரையில் காதை வைத்துப் படுத்திருந்தார் வெகுநேரம்.
கூலி வாங்காமல் போய்விட்டார்.

முயிஸ்காக்கள் நாங்கள் சூக்குவா என்போம்.
சதுப்பு என்றால் பாதிதான் வந்து சேரும்.
கால்வாய் வெட்டி, வெட்டிய மண்ணை மேடாக்கி,
மேட்டில் மக்காச்சோளம், இடையில் மீன்.
உறைபனி இறங்கும் இரவில்
பகலெல்லாம் வெயில் குடித்த நீர்
பயிருக்குப் போர்வை.
பிறகு மாடு வந்தது.
மாடு காலூன்ற நீரை வடித்தார்கள்.
பிறகு ஒரு தாள் வந்தது:
இவ்விடத்தில் பழங்குடி எவருமில்லை.
படித்துக் காட்டப்பட்டதைக் கேட்டுக்கொண்டோம் என்று
அதன் அடியில் கைநாட்டு வைத்தவர்களில்
ஒருவர் நிவியாயோ.

நிர்வாகி உர்தனேத்தா படிவம் நீட்டினார்.
'நீர் வரும் இடம்' என்றொரு கட்டம்,
மூன்று அங்குலம் இருக்கும்.
பேனாவை வைத்துக்கொண்டு நின்றேன்.
'கீழே' என்று எழுதிக் கொடுத்தேன்.

அதிகாலை மூன்று மணிக்கு
இரண்டு மோட்டாரையும் நிறுத்துவேன்.
யாருக்கும் தெரியாது. இருபது நிமிடம்.
மஞ்சள் கோடுகளுக்கு நடுவே நீர் ஏறும்,
அவசரமில்லாமல், வழி தெரிந்தவர் நடப்பதுபோல்.
நாற்பத்தேழில் பல் மருத்துவரின் வெள்ளைக் கார்,
டயர் நனையும்.
நேற்று எங்கிருந்தோ ஒரு தவளை கத்தியது.
ஒன்றே ஒன்று.
பதில் வரட்டும் என்று காத்திருந்தேன்.
இருபத்தொன்று. இருபத்திரண்டு.
வேலை போனால் வாடகைக்கு எங்கே போவேன்,
அதுவும் இந்த மண்ணில் இருப்பதற்கான வாடகை.

சுவிட்சைப் போட்டேன்.
நோட்டில் எழுதினேன்:
மூன்று இருபத்து மூன்று. நிலவரம் வழக்கம்போல்.