மூங்கில் தட்டிக்கு அந்தப் பக்கம்

ஆண்கள் குளத்துக்கும் எங்களுக்கும் நடுவே
ஒரு மூங்கில் தட்டி, அவ்வளவுதான்.
அவித்த முட்டை வாடை, கந்தகம்.
நாட்சுவே தலையில் துண்டை மடித்து வைத்திருந்தாள்,
துண்டின் மேல் பனி.
பதினோரு வருடமாக நாலு பேரும் சேர்ந்துதான் வருகிறோம்,
பிப்ரவரியில், அதே விடுதிக்கு, அடுத்தடுத்த அறைகள்.
ரயில் ஏறியதிலிருந்து ஓயாத பேச்சு:
அவள் மாமியாரின் முழங்கால்,
என் ஆபீஸில் ஆள்குறைப்பு.

கோசாக்கு என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை.
கல்யாணத்துக்கு முன்னால் கூப்பிட்டிருக்கலாம், ஞாபகமில்லை.
வீட்டில் நான் "ஏய்".
மாடியிலிருந்து ஏய்,
கண்ணாடியைத் தொலைத்துவிட்டால் ஏய்.

தட்டிக்கு அந்தப் பக்கமிருந்து அதே குரல்:
"ஏய், போதும், கிளம்பலாமா?"

"இதோ" என்று எழுந்தாள் நாட்சுவே.

இடுப்புவரை எழுந்தாள்.
பிறகு, யாரோ தோளை அழுத்தியதுபோல
மெல்ல உட்கார்ந்தாள்.
வெந்நீர் அவள் கழுத்தை மூடிக்கொண்டது.
அந்தப் பக்கம் யாரோ வாளியைக் கவிழ்த்தார்கள்.
அப்புறம் அந்தச் சத்தமும் இல்லை.

"என்னைத்தான் கூப்பிடுகிறார்" என்றேன்.

உடை மாற்றும் அறையில் யுகாத்தாவைச் சுற்றும்போது
வலதை இடதின் மேல் போட்டுவிட்டேன்.
செத்தவர்களுக்குத்தான் அப்படிக் கட்டுவார்கள்.
பின்னாலேயே வந்தவள், ஈரம் சொட்டச் சொட்ட,
ஒன்றும் சொல்லாமல் என் கச்சையை அவிழ்த்து
இடதை மேலே கொண்டுவந்து இறுக்கிக் கட்டினாள்.
கை நடுங்கவில்லை.
நடுங்கியிருந்தால் தேவலை.

இரவுச் சாப்பாட்டுக்கு நாலு தட்டு, நாலு நண்டு.
எதிரே அவள் புருஷன் ஷிகேகி,
பஸ் கம்பெனியில் கணக்கு எழுதுகிறவன்,
யாரிடமும் குரல் உயர்த்தாதவன்.
நண்டுக் காலை உடைத்து உடைத்து
சதையைத் தின்னாமல் ஓரமாக அடுக்கிக்கொண்டிருந்தான்.

"ஏய், சோயா" என்றார் கோசாக்கு, யாரையும் பார்க்காமல்.

நானும் அசையவில்லை, அவளும் அசையவில்லை.
பாட்டில் எங்கள் இருவருக்கும் நடுவில்,
கை எட்டும் தூரம்.

ஷிகேகிதான் எழுந்தான்.
மேசையைச் சுற்றி வந்தான்,
எங்கள் தோள்களுக்கு இடையே குனிந்து பாட்டிலை எடுத்தான்,
கோசாக்குவின் கிண்ணத்தில் ஊற்றினான்.
நிறைந்த பிறகும்
ஊற்றிக்கொண்டே இருந்தான்.

குளத்தில், தட்டிக்கு அந்தப் பக்கம்,
அவனும்தானே இருந்தான்.