ஐம்பத்து மூன்றாவது மீட்டர்

படிவத்தில் ஏழாவது கட்டம்:
எத்தனை பேர் வருவார்கள்?
நாற்பது, என்று எழுதியிருக்கிறான் லூமிர்.
எட்டாவது கட்டம்: நோக்கம்.
அதைப் படித்துவிட்டு
எழுந்துபோய்க் கை கழுவினேன்.

திரும்பி வந்து முத்திரையை எடுத்தேன்.
அதில் 'அனுமதி' என்ற சொல் இல்லை.
'வந்து சேர்ந்தது' என்றுதான் இருக்கும்.
கை கழுவியதற்கும் முத்திரைக்கும்
சம்பந்தமில்லை.
சம்பந்தமில்லாதபடி பார்த்துக்கொள்ளத்தான்
எனக்குச் சம்பளம்.

ஒஸ்ட்ராவா நகராட்சி, இரண்டாம் தளம்,
கதவில் என் பெயர் ரட்மிலா.
பதினாறு வருடமாக
ஓய்வூதியத்துக்காக, மரங்களுக்காக,
அதே மரங்களை வெட்டச் சொல்லி,
ஒருமுறை ட்ராம் மணிச்சத்தத்துக்கு எதிராக
ஒரே ஒரு குடும்பம்,
பாட்டியம்மாள் நீங்கலாக.

என் அப்பாவுக்குப் படிவம் கிடைக்கவில்லை.
அவர் காலத்தில் அப்படியொரு காகிதமே கிடையாது.
படுக்கை விரிப்பில் நான்கு சொல் எழுதிப்
பாலத்தில் கட்டினார்.
பதினான்கு மாதம் கழித்து அவர் வந்தார்.
விரிப்பு வரவில்லை.
அம்மா இரண்டாவதற்கும் அழுதாள்,
கல்யாணத்துக்கு வந்த விரிப்பு.

லூமிர் கேட்கும் இடம்
ஆஸ்பத்திரி வாசல்.
மூன்றாம் மாடியில் இருதய நோயாளிகள்.
தடுக்க எனக்கு வழியில்லை, தள்ளி நிறுத்தலாம்.
'உரிய தூரம்' என்கிறது விதி.
உரிய என்றால் எத்தனை மீட்டர்?
இரண்டு வக்கீல்களைக் கேட்டேன்.
மூன்று பதில் வந்தது.

ஞாயிறு விடியலில்
டேப்பை எடுத்துக்கொண்டு நானே போனேன்.
இரவுப்பணி முடிக்கப்போன நர்ஸ் த்ரஹோமீரா
கோப்பு அறை ஜன்னலைத் திறந்து வைத்தாள்.
சொற்கள் பிரிந்து கேட்காமல் போகும்போது
துண்டை ஆட்டுவதாக ஏற்பாடு.

பத்து மீட்டரில் நின்று வாயைத் திறந்தேன்.
ஒன்றும் வரவில்லை.
மற்றவர்கள் கத்துவதற்கு
இத்தனை வருடம் நேரம் ஒதுக்கியவளுக்கு
சொந்தமாக ஒரு சொல் இல்லை.
ட்ராம் நிறுத்தங்களைக் கத்தினேன்.
முப்பதில் வீட்டு எண்ணை.
நாற்பதில், பனி கண்ணில் விழ,
எங்கிருந்து வந்ததோ:
விரிப்பைத் திருப்பிக் கொடு!
திரும்பவும்:
விரிப்பைத் திருப்பிக் கொடுடா!

ஐம்பத்து மூன்றில் துண்டு ஆடியது.
அதற்குள் யாரோ புகார் செய்து
காவலர் ஒருவர் வந்துவிட்டார்,
மீசை இன்னும் சரியாக முளைக்காதவர்.
அனுமதி இருக்கிறதா, அம்மா?
அனுமதி என்று ஒன்று இல்லை, தம்பி.
அறிவிப்பு மட்டும்தான்.
தனி ஆளுக்கு அதுவும் வேண்டாம்.
பிரிவு எண்ணைச் சொன்னேன்.
அவர் செல்பேசியில் தேடிப்பார்த்துத் தலையாட்டிவிட்டு,
குரலைத் தாழ்த்தி,
யாருடைய விரிப்பு? என்றார்.

காற்றுக்கு ஏழு சேர்த்து
அறுபது என்று எழுதினேன்.
அறுபதில் என் குரல் யாருக்குக் கேட்கும் என்று
லூமிர் கடிதம் போட்டான்.
அறுபது போதாது என்று
ஒரு நோயாளியின் மனைவி.
இருவருக்கும் நியாயம் இருந்தது,
இருவருக்கும் கொஞ்சம் குறைந்தது.
நீதிமன்றம் போகும் வழியை
அவனுக்கு அடிக்கோடிட்டு அனுப்பினேன்.
பேனா மட்டும் கொஞ்சம் அழுந்தியது.

சனிக்கிழமை வந்தார்கள்.
எண்ணினேன். நாற்பது இல்லை, பதினொன்று.
அலுவலக அட்டையைக் கழற்றிப் பைக்குள் போட்டுவிட்டு
எதிர்ச்சாரியில் போய் நின்றேன்.
கையில் அட்டை:
'எட்டாவது கட்டத்தில் இவன் எழுதியது பொய்.'
நோக்கம் அவ்வளவுதான்.
ஆள் ஒன்று.

லூமிர் என்னைப் பார்த்தான். அடையாளம் தெரிந்தது.
முகம் சிவந்து, மெகாஃபோனை
என் பக்கம் திருப்பினான்.
அது அவன் உரிமை, அளந்து கொடுத்தவள் நான்.

இரண்டு பக்கத்துக்கும் நடுவில்
அதே காவலர்.
கைகளைப் பின்னால் கட்டியபடி
அரை அடி என் பக்கம் சாய்ந்து கேட்டார்:

கிடைத்ததா, அம்மா, விரிப்பு?