எச்சம்

பெலார்மினோ ஃபுந்தோரா முதல்முறை
என் வெட்டறைக்குள் வந்தபோது
கக்கத்தில் அறுநூற்றுப் பன்னிரண்டு பக்கம்.
கரும்புச் சக்கையில் செய்த காகிதம்.
புரட்டினால் ஆலை வாடை அடிக்கும்.
"மிக்தாலியா, இதைப் படமாக்கப் போகிறேன்."
நான் கத்தரிக்கோலைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.
நிறைய நாவலாசிரியர்களைப் பார்த்த கத்தரிக்கோல் அது.

படம் உடனே தரவில்லை.
ஐந்து வருடம் ஊரார் கதைகளுக்குத்
திரைக்கதை எழுது என்றார்கள், எழுதினான்.
"சோகம் ததும்பும் கண்களோடு அவள் நின்றாள்"
என்று எழுதிக் கொடுப்பான்.
ததும்புவது எந்த லென்ஸில் விழும்
என்று கேட்பார் ஒளிப்பதிவாளர் துல்சிதியோ.
நிஜமாகவேதான் கேட்பார்.

ரோஷம் வந்து ஒருநாள்
பெயரெச்சம் ஒன்றுகூட இல்லாமல்
பதினான்கு பக்கம் எழுதிவந்தான்.
கதவு. நாய். ஒருவன் வருகிறான். நாய் எழவில்லை.
அன்று நானே அவனுக்குக் காபி போட்டேன்.
அந்த மாதம் சர்க்கரை இருந்தது.

பிறகு படம் கிடைத்தது.
நாவலில் மத்தான்சாஸ் மழைக்குப் பதினோரு பக்கம்.
படப்பிடிப்பில்
தீயணைப்பு வண்டி இரண்டு,
அனுமதிக் கடிதம் ஏழு.
ஆகஸ்டு. அந்தத் தெருவில்
ஒன்பது நாளாகக் குழாயில் காற்று மட்டும்.
நாயகி மழையில் நின்று அழ வேண்டும்.
மழை விட்டார்கள்.

ஒரு கதவு திறந்தது.
அப்புறம் எந்தக் கதவும் மூடியிருக்கவில்லை.
வாளி, அண்டா, பிள்ளையைக் குளிப்பாட்டும் தொட்டி,
ஒருத்தி செடியைப் பிடுங்கி வீசிவிட்டு
வெறும் பூச்சட்டியோடு ஓடிவந்தாள்,
அதன் அடியில் ஓட்டை இருப்பது
அவளுக்கு நினைவில்லை.
நாயகி அழவில்லை.
யாரோ கையில் திணித்த பானையைப்
பிடித்துக்கொண்டு நின்றாள்,
வீட்டில் சொல்லியனுப்பியது போல.

"நிறுத்து" சொல்ல வாயைத் திறந்தவன்
அப்படியே நின்றுவிட்டானாம்.
மழை உள்ளே போயிற்றாம்.
(கிளாப் அடிக்கிற பையன் சொன்னது.
கொஞ்சம் கூட்டித்தான் சொல்வான்.)

சுருள் என்னிடம் வந்தது.
நான்கு நிமிடம் பத்து விநாடி.
ஓரிடத்தில்கூட நான் கை வைக்கவில்லை.
ஊர் முழுக்க அந்த மழையைப் பற்றித்தான் பேச்சு.
எழுத எத்தனை நாள் ஆயிற்று
என்று வானொலியில் கேட்டார்கள்.
"பதினோரு பக்கம் எழுதினேன்" என்றான்,
"அதில் இது இல்லை."

அதன்பிறகு ஆறு படம்.
இரண்டு எனக்குப் பிடிக்காது.
ஒன்று பெட்டிக்குள்ளேயே போய்விட்டது.
ஏன் என்று யாரும் சொல்லவில்லை,
நாங்களும் கேட்கவில்லை.
ஒவ்வொன்றிலும் எங்காவது ஒரு தெருவில்
கேமராவை ஓடவிட்டுக் காத்திருப்பான்.
யாரும் வாளியோடு வரமாட்டார்கள்.
மீட்டர் மீட்டராய் வெறுந்தெருவை
வெட்டிக் கூடையில் போட்டேன்.

தொண்ணூற்று மூன்றில் ஃபிலிம் இல்லை.
மின்சாரம் எட்டு மணிநேரம் வரும்,
எந்த எட்டு என்று தெரியாது.
சைக்கிளில் வேதாதோவிலிருந்து மிதித்து வந்தான்,
வேட்டைநாய் மாதிரி இளைத்துப்போய்.
"திரும்ப நாவல் எழுதுகிறேன்."
ஒன்பது பக்கம் கொடுத்தான்.

இரவு. தெரு. நாய்.
ஒருத்தி நிற்கிறாள். போகிறாள்.

மண்ணெண்ணெய் விளக்கில் இரண்டு முறை படித்தேன்.
"ஃபுந்தோரா, உன் மழை எங்கே?"
"உட்கார்ந்தால் ஆட்கள் வருகிறார்கள், மிக்தாலியா,
சட்டியும் பானையுமாய்.
எழுதுவதற்குள் மொண்டுகொண்டு போய்விடுகிறார்கள்."

சிரிக்கலாமா என்று தெரியவில்லை.
பத்தொன்பது வருடம்
அவனுடைய எச்சங்களையெல்லாம்
தரையிலிருந்து கூட்டியள்ளியவள் நான்.
பென்சிலை எடுத்தேன்.
என் கையில் பென்சில் பார்த்தால்
அடிப்பதற்கென்றே அவனுக்குப் பழக்கம்,
முகத்தைத் திருப்பிக்கொண்டான்.
முதல் பக்கத்து நாய்க்கு முன்னால்
ஒரே ஒரு சொல் எழுதினேன்:
நனைந்த.

வெகுநேரம் அதைப் பார்த்திருந்துவிட்டு,
"எப்போது பெய்தது?" என்றான்.

முந்தின பக்கத்தில் என்றேன்.