நியூட்ரல்

தொப்பூர் இறக்கத்துக்கு முன்னால்
டயரைத் தட்டிப் பார்த்துவிட்டு
டீ குடித்துப் போகிற கடை என்னுடையது.
எதிரே சாய்ந்துபோன போலீஸ் போர்டு:
நியூட்ரலில் வண்டி இறக்காதீர்.
அதன் மேல்தான் பரோட்டா மாஸ்டர்
ஈரத் துண்டைக் காயப்போடுவான்.

கேபிள் பாக்கி மூன்று மாசம்.
பஞ்சர் கடை திம்மராயன்
டீசல் பில்லுக்குப் பின்னால்
ஒரு முழ நீளத்துக்கு லிங்க் எழுதி வந்தான்.
'காசே வேணாங்க்கா, பதினோராயிரம் சேனல்.'
டிவி பெட்டியில் ஒன்று, என் போனில் ஒன்று
எதையோ ஏற்றினான்.
அனுமதி, அனுமதி என்று கேட்டது.
எல்லாவற்றுக்கும் சரி என்று அமுக்கினேன்.

பாதி செத்த சேனல்.
கறுப்பில் ஒரு வளையம் சுற்றும்,
செக்குமாடு மாதிரி.
மீதியில் உலகம்.
ஒருநாள் குடும்பத்தோடு கார்க்காரர்கள் சாப்பிடும்போது
கிரிக்கெட் இருந்த இடத்தில்
துணியில்லாமல் ஒருத்தி வந்தாள்.
தோசைத் திருப்பியோடு ஓடி
பிளக்கைப் பிடுங்கினேன்.
அப்போதும் அதை விடவில்லை,
துருபாவால்.

ஒடிசாக்காரன். கிரானைட் லோடு.
தமிழில் அவனுக்கு வருவது
ஆம்லேட், கலக்கி,
நாலாயிரத்து முன்னூத்திப் பன்னண்டு.
புயல் கரையேறிய ராத்திரி
அந்த எண்ணில்
இடுப்பளவு தண்ணீரில் ஒரு பஸ் ஸ்டாண்டு.
அவன் ஊர் பஸ் ஸ்டாண்டாம்.
கூரைமேல் நின்றவர்களை
விரலால் எண்ணினான்.
கலக்கி ஆறிப்போனது.
காசு வாங்கவில்லை நான்.

தையில் ஒரு ராத்திரி, மணி இரண்டே முக்கால்,
போன் தானாக முழித்துக்கொண்டது.
மூன்று தடவையில் பதினாலாயிரத்து இருநூறு.
மைதா மூட்டைக்கு வைத்தது.
'ஓடிபி யாருக்குச் சொன்னீங்க?'
பேங்கில் அந்தப் பொண்ணு.
யாருக்கும் சொல்லலைம்மா.
வருகிற மெசேஜைப் படித்துக்கொள் என்று
நானேதான் அனுமதி கொடுத்திருந்தேனாம்.
திம்மராயனைப் பிடித்து உலுக்கினேன்.
அவனுக்கு அனுப்பியவனுக்கு
வேறு யாரோ அனுப்பியதாம்.
அவன் கணக்கிலும் நாலாயிரம் போயிருந்தது,
வெட்கத்தில் மூச்சு விடவில்லை.

இப்போது கேபிள். பாக்கி கட்டியாச்சு.
நேற்று துருபா வந்து
எண்ணைச் சொன்னான்.
கையை விரித்தேன்.
விளம்பரத்தில் ஒருத்தி நகை மாட்டுவதைப்
பார்த்துக்கொண்டே தின்றான்.
பிறகு தன் போனை நீட்டினான்:
அதே பட்டியல், அவனிடமும்.
'ஃப்ரீ, தீதி' என்று சிரித்தான்.
வேண்டாம்டா என்பதற்கு
அவன் மொழியில் என்ன?
ரோட்டைத் தாண்டிக் கூட்டிப்போய்
துண்டை விலக்கி
போர்டைக் காட்டினேன்.
தலையாட்டினான், என்ன புரிந்ததோ.

லோடு வண்டி இறக்கத்தில் திரும்பியது.
கியரில் இறங்கினால் இன்ஜின் முனகும்,
கடை வரைக்கும் கேட்கும்.
அடுப்பைத் தணித்துவிட்டு
காது கொடுத்து நின்றேன்.